அன்று நீ போனில் சொன்னது

அன்புள்ள பாப்பாவுக்கு,

அப்பா எழுதுகிறேன். இங்கே நானும் அம்மாவும் சுகம் என்று எழுதத்தான் கை போகிறது, ஆனால் இந்த முறை பொய் எழுத மனசு வரவில்லை. உன் உடம்பு கொஞ்சம் தேறியிருக்கும், மாப்பிள்ளை பக்கத்திலேயே இருந்து பார்த்துக்கொள்வார் என்று நம்புகிறேன். நீ என்னோடு பேசி ஒன்றரை மாதம் ஆகிறது. உன் மேல் தப்பே இல்லையம்மா. குழந்தை தங்கவில்லை என்று பெற்ற பெண் போனில் அழ, அப்பன்காரன் ரொம்ப சந்தோஷம்டா, இனிப்பு வாங்கப் போறேன்னு சொல்லிப் போனை வைத்தால் யாருக்குத்தான் பொறுக்கும்.

எனக்குக் காது போய்க்கொண்டிருக்கிறது பாப்பா. மூன்று வருஷமாகிறது, ஒருத்தரிடமும் மூச்சு விடவில்லை. படத்துக்குப் பின்னணி இசை போடுகிறவனுக்குக் காது கேட்கவில்லை என்றால் அடுத்த படத்துக்கு யார் கூப்பிடுவார்கள். முதலில் போனது வயலினின் மேல் சுரங்கள். அமுங்கிக் கிடக்கிறதே என்று ஒவ்வொரு படத்திலும் வயலினை ஏற்றி ஏற்றி வைத்தேன். நம் சவுண்ட் இன்ஜினியர், நீ தொப்பி மாமா என்பாயே, அவர் நான் வீட்டுக்குக் கிளம்பினதும் சத்தமில்லாமல் இறக்கி வைத்திருக்கிறார். பாராட்டு வந்தபோதெல்லாம் நான் மார்தட்டிக்கொண்டு திரிந்தேன். போன வாரம் அவர் லீவு. டைரக்டர் கடைசி ரீலைப் போட்டுப் பார்த்து, சார், அந்தம்மா சாகுறாங்க, வயலின் ஏன் இப்படிக் கத்துதுன்னு கேட்டார். அவர் இரண்டு காதையும் பொத்தியிருந்தார். எனக்கு எல்லாம் விளங்கிவிட்டது.

வயலினுக்கு அடுத்தது பெண்கள் குரல். நேரில் என்றால் சமாளித்துவிடுவேன், திரையில் முகத்தைப் பார்த்துப் பார்த்தே முப்பது வருஷம் இசை போட்டவன் இல்லையா, அம்மா முகத்தைப் பார்த்தே பதில் சொல்லிவிடுவேன். போனில் முகம் இல்லையே. அன்றைக்கு அம்மா கடைக்குப் போயிருந்தாள். டாக்டரைப் பார்த்துவிட்டு நீ கூப்பிடுவாய் என்று தெரியும், நல்ல செய்திதான் என்று நானே முடிவு கட்டிக்கொண்டேன். கேட்டதெல்லாம் வெறும் முணுமுணுப்பு. அதற்குள் நீ அம்மாவைக் கூப்பிட்டு எல்லாம் சொல்லியிருக்கிறாய். இனிப்புப் பொட்டலத்தோடு வந்து நின்றவனைப் பார்த்து அம்மா, உங்களுக்கு காது கேக்கலையா, இல்ல மனசே கல்லாயிடுச்சான்னு கத்தினாள். அப்போதாவது உண்மையைச் சொல்லியிருக்கலாம். கல்லாகவே இருந்துவிட்டுப் போகிறேன், படம் கையை விட்டுப் போகாமல் இருந்தால் சரி என்று பேசாமல் இருந்தேன். பாவி, உன்னை விட எனக்குப் படம் பெரிதாகப் போயிற்று.

டைரக்டரிடம் சொல்லி விலகிவிட்டேன். அம்மாவிடம் நேற்றுதான் சொன்னேன். திட்டித் தீர்த்துவிட்டு என் காதைத் தடவிக்கொண்டே அழுதாள். மிஷின் வைத்தால் கொஞ்சம் கேட்குமாம், போனது போனதுதானாம்.

பளு தூக்காதே, நேரத்துக்குச் சாப்பிடு, சும்மா சும்மா உன்னையே நொந்துகொள்ளாதே. நீங்கள் இரண்டு பேரும் ஒரு குறையும் இல்லாமல் நீண்ட நாள் வாழவேண்டும். ஒன்றே ஒன்று மறக்காதே. அன்றைக்கு என்னிடம் சொன்னதை முதலிலிருந்து எழுதி அனுப்பு. எங்கே அழுதாய் என்பதையும் எழுது. மெதுவாகப் படிக்கிறேன்.

உன் அப்பா