தொலேதோவில் நாலு மணி நேர நடை

வின்டர்தூர்,
புரட்டாதி 3

அன்பும் பொறுமையும் நிறைந்த தில்லைநாயகிக்கு,

திருவருளால் நான் நலம். உமது இரத்த அழுத்தம் தணிந்ததா? மாத்திரையைத் தவறவிடாதீர்.

கோயிலில் பதிகம் பாடும் பணிக்கு ஐப்பசியில் ஐந்து நாள் ஓய்வு. நம் மகள் வேணுகா என்னை ஸ்பெயினுக்கு அழைத்துப் போகிறாள். தொலேதோ என்னும் பழைய மலைநகரை வழிகாட்டியோடு நடந்து பார்க்க, வெள்ளிக்கிழமை இரண்டு சுற்றுகள் உண்டு. பத்தரை மணிச் சுற்று இராகுகாலத்தில் தொடங்குகிறதே என்றஞ்சி, ஒன்பது மணிச் சுற்றைத் தெரிவுசெய்தேன்.

"அப்பா, அது நாலு மணித்தியாலம், முழுக்கப் படி. ஏலுமோ?" என்றாள்.

"ஓம் பிள்ளை, கயிலைக்கே நடப்பன்."

"பேந்து நடுப்படியில குந்தியிருந்து தேவாரம் பாடக்கூடாது" என்று சிரித்தபடியே பதிந்துவிட்டாள்.

என் முழங்கால் வீக்கத்தை அவள் அறியாள். அறிந்தால் கோயில் பணியை நிறுத்திவிடுவாள் என்றே மறைக்கிறேன். நேற்றுக் குருக்கள் சொல்லித்தான் உணர்ந்தேன்: அங்கே அப்போது சூரியன் உதிப்பதே எட்டு மணிக்குப் பின். உதயத்திலிருந்து எண்ணினால் இராகுகாலம் நண்பகலுக்குப் பிறகே வருகிறது. நம்மூர்க் கணக்கை நம்பி, சமதரையில் நடக்கும் இரண்டு மணி நேரச் சுற்றை வீணே தள்ளிவிட்டேன்.

பயணத்துக்கு ஒரு கிழமை முன்வரை மாற்றலாமாம். அவள் உம்மோடு கதைக்கும்போது, உமக்கே மனம் கேட்கவில்லை என்பதுபோல், அப்பாவைச் சிறிய சுற்றில் சேர்க்கச் சொல்லும். நான் எழுதியதாகச் சொல்லவேண்டாம்.

நீர் காய்ச்சும் முழங்கால் எண்ணெயில் ஒரு போத்தல் அனுப்பும். தடவிவிட ஆளில்லை, நானே தடவிக்கொள்வேன்.

மாலைப் பூசைக்கு மணி அடிக்கிறது. மேல்மாடிக்குப் படியேற வேண்டும்; இப்போதே புறப்பட்டால்தான் சரிவரும்.

உமது,
சச்சிதானந்தன்