பல் தேய்க்கும் வீடியோ

அன்புள்ள அக்காவுக்கு,

தம்பி எழுதுவது. நானும் உன் தம்பி பெண்டாட்டியும் நலம். உன் மகள் நலம் என்று எழுத வரவில்லை. போனில் சொன்னால் நீ அழுவாய், நான் கத்துவேன், ஒன்றும் ஆகாது. அதனால்தான் கடிதம்.

அவளுடைய கடைவாய்ப் பல் ஒன்றை நேற்றுப் பிடுங்கிவிட்டார்கள். சீழ் பிடித்துக் கன்னம் வீங்கிவிட்டது. பால் பல்தானே, முளைத்துவிடும் என்று மனதைத் தேற்றிக்கொள்ளாதே. ஐந்து வயதில் விழுகிற பல் இல்லை அது. வீட்ல பெரியவங்க யாரும் இல்லையா என்று பல் டாக்டர் கேட்டதும் உன் தம்பி பெண்டாட்டி தலையைக் குனிந்துகொண்டாள். பாவம், தினமும் பிரஷ்ஷோடு பின்னாலேயே ஓடுகிறாள். உன் மகள் வாயைப் பூட்டிக்கொள்வாள். ஒருமுறை கடித்தும் விட்டாள்.

லிப்ட் பழுது பார்ப்பவனுக்கு எதையும் கழற்றிப் பார்க்கிற புத்தி. எட்டவில்லையோ என்று வாஷ்பேசினைக் கீழே இறக்கி மாட்டினேன். எரிகிறதோ என்று பேஸ்ட்டை மாற்றினேன். பயந்தாவது தேய்க்கட்டும் என்று சொத்தைப் பல் படமும் காட்டினேன். மசியவில்லை. கை கழுவுகிறாள், குளிக்கிறாள், நகம் வெட்ட விரலை நீட்டுகிறாள். பல் மட்டும்தான் பிடிவாதம்.

ஏன் கண்ணு பல் தேய்க்க மாட்டேங்கிற என்று டாக்டர் கேட்டார். வாயில் பஞ்சை வைத்துக்கொண்டே சொன்னாள்: அந்த வீட்டுப் பாப்பாவுக்கு எங்கம்மாதான் தேச்சு விடறாங்க, எனக்கும் அவங்கதான் வந்து தேய்க்கணும் என்று.

நீ வேலை பார்க்கும் வீட்டுக் குழந்தைக்குப் பல் தேய்த்துவிடுவதை, இவளும் பார்த்துக் கற்றுக்கொள்ளட்டும் என்று வீடியோ எடுத்து அனுப்புகிறாயே, அதைத்தான் சொல்கிறாள். அந்தப் பாப்பா எவ்வளவு சமத்து பாரு என்று கூடவே உன் குரல் வேறு. வீட்டுக்கு வந்ததும் நானும் உட்கார்ந்து பார்த்தேன். இவள் பார்ப்பது அந்தக் குழந்தையின் பல்லை இல்லை அக்கா, அதன் தாடையைத் தாங்கியிருக்கிற உன் கையை. அதில் ஒரு பாட்டுப் பாடுகிறாய். அது இவளைக் குளிப்பாட்டும்போது நீயாகக் கட்டிய பாட்டு. பேரை மட்டும் மாற்றியிருக்கிறாய். உனக்கு உறைக்கவே இல்லையா?

உன் வேலையைக் குறை சொல்லவில்லை. அதில்தான் நம் வீட்டு அடுப்பு எரிகிறது, தெரியும். ஆனால் இனி ஒரு வீடியோவும் அனுப்பாதே. போனை எடுத்ததும் பல் தேய்ச்சியா என்று கேட்பதையும் நிறுத்து. வேறு ஏதாவது பேசு.

ஆஸ்பத்திரியிலிருந்து திரும்பும்போது, பல்லைப் பிடுங்கினது அம்மாவுக்குத் தெரியுமா மாமா, இப்ப வருவாங்களா என்று கேட்டாள். வலியில் அழாதவள் முகத்தில் அப்படி ஒரு சந்தோஷம். நான் ரோட்டைப் பார்த்து வண்டி ஓட்டினேன்.

இன்று காலையும் தேய்க்கவில்லை. இன்னொரு பல் கறுத்துக்கொண்டு வருகிறது.

அந்த வீட்டு அம்மாவிடம் லீவு கேள். முகத்தைச் சுளித்தால் சுளிக்கட்டும். வந்து ஒரே ஒரு தடவை தேய்த்துவிட்டுப் போ. அதற்கப்புறம் நாங்கள் பார்த்துக்கொள்கிறோம்.

வேளைக்குச் சாப்பிடு.

உன் தம்பி