மரை மூடி வந்த வருடம்

அன்புள்ள அக்கா,

இன்று காலை இருமல் மருந்து வாங்கக் கடைக்குப் போனேன். கடைக்காரர் நீட்டியது பிளாஸ்டிக் புட்டி. மூடியைத் திறந்ததும் என் சுண்டுவிரல் தானாகவே அதன் வாயைச் சுற்றி வந்தது.

"என்னங்கம்மா பாக்கறீங்க?" என்றார்.

"வாய் சிதைஞ்சிருக்குதான்னு பாத்தேனுங்க."

"பிளாஸ்டிக்குங்கம்மா. இது எங்க சிதையப் போகுது" என்று சிரித்தார். அந்தப் பழக்கம் உங்கள் கிடங்கில் தொற்றியது என்று அவரிடம் சொல்லி என்ன ஆகப் போகிறது? வீட்டுக்கு வந்து உங்களுக்கு எழுத உட்கார்ந்துவிட்டேன்.

துடியலூரில், மேட்டுப்பாளையம் சாலையை ஒட்டி, தகரக் கூரையும் முள்வேலியுமாக உங்கள் சீசாக் கிடங்கு. ஐம்பதுகளின் கடைசி. நான் அடுத்த தெருவில் குடியிருந்து, பெண்கள் பள்ளியில் கணக்கு நடத்திக்கொண்டிருந்தேன். மில் குடியிருப்புகளிலிருந்தும் ஆஸ்பத்திரிகளிலிருந்தும் பழைய சீசாக்கள் கூடை கூடையாக வந்து இறங்கும். மாராத்தாளும் இன்னும் மூன்று பெண்களும் சிமெண்டுத் தொட்டியில் சோடா உப்புப் போட்டு ஊறவைத்துக் கழுவுவார்கள். கழுவியதை நீங்கள் ஒவ்வொன்றாக எடுத்து, வாயில் விரலை ஓட்டிப் பார்த்து, வெள்ளை, பச்சை, பழுப்பு என்று பிரித்து வைப்பீர்கள். மாதம் ஒருமுறை குன்னூரிலிருந்து தைலக்காரர் லாரியோடு வருவார். நீலகிரித் தைலத்தை ஊற்றித் தக்கை அடைத்து மலையில் விற்பதற்கு அவருக்கு உங்கள் சீசாதான் வேண்டும்.

விலை எப்படி ஏறுகிறது என்று ஒருநாள் கேட்டேன். புதுச் சீசா வடக்கேயிருந்து வைக்கோலில் பொதிந்து ரயிலில் வருகிறது, வழியில் உடைந்ததற்கும் சேர்த்துத்தான் விலை வைக்கிறார்கள், வேகன் கிடைக்காத மாதங்களில் அது இன்னும் ஏறும் என்றீர்கள். "புதுசு ராணிங்க டீச்சர், பழசு தோழி. ராணி மாடி ஏறுனா தோழியும் ஒரு படி பின்னால ஏறித்தானே ஆகோணும்." பொருளாதாரப் புத்தகத்தில் இரண்டு பக்கம் வருகிற விஷயம். மறுநாளே வகுப்பில் அதைச் சொன்னேன்.

உங்கள் விலையை நான் வகுப்புக்கு எடுத்துப் போனது அப்படித்தான் தொடங்கியது. கட்டம் போட்ட தாளில் வரைபடம் போடும் பாடம். புத்தகத்து உதாரணங்களைக் கண்டால் பிள்ளைகள் கொட்டாவி விடுவார்கள். 'நம்ம ஊர்ச் சீசா விலை' என்றதும் நிமிர்ந்து உட்கார்ந்தார்கள். மாதாமாதம் நீங்கள் விலையைச் சொல்ல, நான் ஒரு புள்ளி வைப்பேன். சில வருடங்களில் புள்ளிகள் எறும்பு வரிசை போல மேலே ஏறின. அந்தத் தாளைக் கிடங்குச் சுவரில் ஒட்டிவைத்தீர்கள். வருகிறவர்களிடமெல்லாம் காட்டுவீர்கள்.

அப்போதுதான் கிடங்கு இடத்தை விற்கப் போவதாக அதன் சொந்தக்காரர் சொல்லி அனுப்பினார். உங்களுக்கென்றால் பங்குனிவரை பொறுப்பதாகவும் சொன்னார். உங்கள் வீட்டுக்காரர் போனபிறகு நீங்கள் தனியாக நின்று நடத்திய இடம் அது. நான்கு பெண்களின் அடுப்பும் அதை நம்பித்தான் எரிந்தது. வாடகை மண் சொந்த மண்ணாக வேண்டும் என்பதைத் தவிர உங்களுக்கு வேறு ஆசை இருந்ததாக எனக்குத் தெரியவில்லை.

ஐப்பசியில் ஒரு மாலை, நான் பள்ளியிலிருந்து திரும்பும்போது கூப்பிட்டீர்கள்.

"ஏனுங்க டீச்சர், இந்தக் கோடு மாசிக்கு எங்க போய் நிக்குமுங்க? இப்பவே வித்தா இடத்துக்குக் கொஞ்சம் கடன் வாங்கோணும்."

நான் அளவுகோலை வைத்து, புள்ளிகளுக்கு அப்பால் கோட்டை நீட்டினேன். நன்றாக மேலே போனது.

நீங்கள் கிட்டே வந்து பார்த்தீர்கள். "ஆவணியும் பொரட்டாசியும் கீழ எறங்கியிருக்குதுங்களே?"

"மழைக்காலம் அக்கா. ஒன்றிரண்டு புள்ளி அப்படித் தள்ளி விழும். அதைக் கணக்கில் எடுக்கக் கூடாது."

"நீங்க சொன்னாச் சரிங்க" என்றீர்கள்.

சீசா தூங்கக் கூடாது என்பதுதான் அதுவரை உங்கள் வழக்கம். வந்த லாரியைக் காலியாக அனுப்பியதே இல்லை. அந்த ஐப்பசியில் அனுப்பினீர்கள், இனி மாசியில் வந்தால் போதும் என்று சொல்லி.

"என்னங்கம்மா, சீசாவ அடைகாக்கறீங்களா?" என்றார் தைலக்காரர்.

"டீச்சர் கோடு போட்டிருக்காங்க. மாசிக்கு மேல போகுதுங்க."

அவர் சுவரைப் பார்த்தார். "கோடு போகுது, சரிங்க. சீசாவும் கூடப் போகோணுமே."

எல்லோரும் சிரித்தோம். நானும்தான் சிரித்தேன்.

மாசியில் அவர் லாரி இல்லாமல் பஸ்ஸில் வந்தார். சட்டைப் பையிலிருந்து ஒரு சின்னச் சீசாவை எடுத்து உங்கள் உள்ளங்கையில் வைத்தார். எல்லாப் பக்கமும் ஒரே கனம். கழுத்தில் திருகு மரை, மேலே தகர மூடி.

"ஆவணியிலிருந்தே ஒண்ணு ரெண்டு வந்துட்டிருந்துச்சுங்க. இப்ப மிசின்ல ஆயிரக்கணக்குல ஊதித் தள்ளறாங்க. பழசக் கழுவி, தக்கை வாங்கி அடைக்கறதவிட இது மலிவாப் போச்சுங்கம்மா. நான் என்ன பண்றது?"

நீங்கள் அதில் தண்ணீர் ஊற்றி, மூடியைத் திருகி, தலைகீழாகப் பிடித்தீர்கள். ஒரு சொட்டுக்கூட விழவில்லை. "நல்லாப் பண்ணியிருக்கானுங்க" என்றீர்கள். உங்கள் குரலில் இருந்தது மெய்யான மெச்சுதல். அதுதான் எனக்குத் தாங்கவில்லை.

பங்குனி போயிற்று. இடம் ஒரு வார்ப்படப் பட்டறைக்காரர் கைக்குப் போயிற்று. கிடங்கில் குவிந்திருந்ததை கண்ணாடி உருக்கும் உலைக்காரர்தான் எடுத்துக்கொள்ள ஒப்புக்கொண்டார். ஆனால், முழுசாக ஏற்றினால் வண்டி கொள்ளாது, உடைத்துக் கொடுங்கள் என்றார். நான் வந்தபோது மூன்று பெண்கள் கட்டையால் உடைத்துக்கொண்டிருந்தார்கள். மாராத்தாள் மட்டும் ஒவ்வொன்றாக எடுத்து வாயில் விரலை ஓட்டிப் பார்த்து, நல்லதையெல்லாம் ஓரமாக வைத்துக்கொண்டே போனாள்.

"அதையும் போடு, மாராத்தா" என்றீர்கள்.

"நல்லாருக்குதுங்க்கா."

"தெரியுது கண்ணு. போடு."

நானும் ஒரு கட்டையை எடுத்தேன். நீங்கள் வாங்கிக் கீழே வைத்தீர்கள். "சாக்பீசு புடிக்கற கையிங்க. கிழிச்சுப்போடும்." நான் ஏதோ சொல்ல வாயெடுத்தேன். "கோடு நேராத்தானுங்க இருந்துச்சு, டீச்சர்" என்று சொல்லிவிட்டு அடுத்த சீசாவை எடுத்தீர்கள்.

பிறகு சென்னிமலைக்கு, மகள் வீட்டுக்குப் போய்விட்டீர்கள். அங்கே நீங்கள் மருமகனின் தறிக்கு நூல் சுற்றிக் கொடுப்பதாகக் கேள்விப்பட்டேன். இரண்டு வருடம் கழித்துத்தான் எனக்கு வரத் துணிவு வந்தது. சொல்ல வேண்டியதை வழி நெடுகப் பஸ்ஸில் மனசுக்குள் சொல்லிப் பார்த்தபடியே வந்தேன். நீங்களோ என்னைக் கண்டதும் அக்கம்பக்கத்துப் பெண்களைக் கூப்பிட்டு, "இவங்கதானுங்க எங்க டீச்சர். எஞ்சீசா வெலைய வெச்சே புள்ளைகளுக்குப் பாடம் நடத்துனவங்க" என்று காட்டினீர்கள். அந்த முகத்தில் அவ்வளவு பெருமை. சாப்பிட்டேன். மலைக்கோயிலுக்குக் கூட்டிப் போனீர்கள். படியில் மூச்சு வாங்கி இரண்டு இடத்தில் உட்கார்ந்தீர்கள். சொல்லாமலே திரும்பினேன். அடுத்த தையில், நீங்கள் போய்விட்டதைச் சொல்லி, உங்கள் மகளிடமிருந்து மேல்முனை கிழித்த கார்டு வந்தது.

அக்கா, அந்த இரண்டு புள்ளி ஏன் இறங்கியது என்று அன்று எனக்குத் தெரியாது. மழை என்று நான் நினைக்கவும் இல்லை. நீங்கள் கேட்டீர்கள், நான் டீச்சர், ஒரு பதில் இருக்க வேண்டும், அவ்வளவுதான். தெரியவில்லை என்று சொல்லியிருந்தால் நீங்கள் ஐப்பசி லாரியிலேயே ஏற்றியிருப்பீர்கள். அந்த மண் உங்களுடையதாகியிருக்கும்.

அதற்குப்பிறகு ஓய்வு பெறும்வரை, பிள்ளைகள் கேட்டு எனக்கு விடை தெரியாதபோதெல்லாம், "தெரியலை கண்ணு, பார்த்துட்டு வந்து சொல்றேன்" என்று சொல்லப் பழகினேன். முதலில் அவர்களுக்கு வேடிக்கையாக இருந்தது. பிறகு பழகிவிட்டார்கள். எனக்குத்தான் பழகவில்லை. ஒவ்வொரு முறையும், அந்த ஐப்பசி மாலையில் உங்களிடம் சொல்லியிருக்க வேண்டியதைத் தாமதமாகச் சொல்வதாகவே தோன்றும்.