உங்கப்பா மறைச்ச ஏழு மாசம்

அன்பு மக ஜுனுவுக்கு அம்மா குந்தளா எழுதுறது,

வந்துருச்சுடி வந்துருச்சு, ரயில்வேல உங்கப்பாவோட வாரிசு வேலை உன் பேருக்கே ஆர்டராகி வந்துருச்சு, சீலு கையெழுத்து எல்லாம் இருக்கு, நாலு தடவ போட்டோ எடுத்துட்டேன். இங்க ஒடிசாவுல, டிட்லாகர்ல நாங்க உடம்புக்கு ஒண்ணுமில்லாம இருக்கோம், நீதான் அந்தத் திருப்பூர்ல நேரத்துக்குச் சாப்புடுறியோ என்னவோ. போன்ல சொன்னா போன தடவ மாதிரி 'அப்பா செத்துக் கிடைக்கிற வேலை எனக்கு வேணாம்'னு கட் பண்ணிருவ, அதான் ஆர்டர் காப்பியோட தபால்ல போடுறேன், இதை கட் பண்ண முடியாது பாரு. ஃபார்ம் எல்லாம் யூட்யூப் பாத்து நானேதான் நிரப்புனேன், வாரிசு வேலைன்னு தேடுனா வர்ற வீடியோ ஒண்ணு விடல. உங்கண்ணன் டிகு, ஆட்சேபனை இல்லன்னு கையெழுத்துப் போடச் சொன்னப்போ, மகாராணி தண்டவாளத்துல சுத்தியல் தூக்கிட்டு நடக்கப் போறாளாக்கும்னு நக்கல் பண்ணான். பண்ணிட்டு, அப்பா அவ பேரத்தானம்மா சொன்னாருன்னு கையெழுத்துப் போட்டுக் குடுத்துட்டு வெளிய போய் நின்னுக்கிட்டான்.

அப்பாவ ஏன் ஆஸ்பத்திரிக்குக் கூட்டிட்டுப் போகலன்னு கேட்டியே, அதுக்குப் பதில் சொல்றேன். வெளி டாக்டர்கிட்ட போனோம்மா. கிட்னி ரெண்டும் போச்சு, உடனே பெரிய ஆஸ்பத்திரி போங்கன்னாரு. ரிட்டயராக அப்போ பத்து மாசம் இருந்துச்சு. உங்கப்பா வர்ற வழியில சைக்கிள நிறுத்திட்டுச் சொன்னாரு, ரயில்வே டாக்டர் பாத்தா அன்ஃபிட்னு எழுதி வீட்டுக்கு அனுப்பிருவாரு குந்தளா, அப்புறம் நான் செத்தா பிள்ளைக்கு வேலை கிடையாது, சர்வீஸ்ல இருக்கும்போதே போயிட்டா ஜுனு ஊரு திரும்பிருவா, நீ வாயத் திறக்காதன்னு. நானும் திறக்கல. கால் வீங்கி பூட்ஸ் நுழையல, பின்பக்கத்த பிளேடால வெட்டி விட்டுட்டு அதையே மாட்டிக்கிட்டு தினம் லைன்ல நடந்தாரு. ஏழு மாசம். மூணு மாசம் மிச்சம் இருக்கையில போயிட்டாரு.

இப்ப கேளு. ஆர்டர் வாங்க ஆபீஸ் போனப்போ கிளார்க் பிரதான் பாபு நல்ல மனுஷன், டீ எல்லாம் வாங்கிக் குடுத்தாரு. நான் வாய் தவறி எல்லாத்தையும் சொல்லிட்டேன். அவரு டீய கீழ வெச்சுட்டாரு. ஏம்மா, எந்த வேலைக்கும் லாயக்கில்லன்னு டாக்டர் எழுதிட்டாலே பிள்ளைக்கு வேலை கேக்கலாமே, சாகணும்னு இல்லையே, யாருகிட்டயும் கேக்கலையான்னாரு. நான் கேக்கலடி. செத்தவங்க வீட்டு வீடியோதான் பாத்தேன், ஒண்ணுகூட உயிரோட இருக்குறவருக்குன்னு தேடல. பஸ்ஸுல வர்றப்போ தேடுனேன், முதல்லயே வந்துச்சு. எட்டு நிமிஷ வீடியோ.

இத டிகுகிட்டகூட சொல்லல, உனக்குத்தான். நீ என்ன திட்டணும்னா திட்டு. ஆனா புதுநெல்லு சாப்புடுற நுவாகாய்க்கு வந்துரும்மா, எல்லாரும் ஒண்ணா உக்காருவோம், அதுக்கு அடுத்த திங்கக்கிழமைதான் வேலைல சேரக் கடைசி நாளு. அங்க உன்கூட தைக்கிற பிள்ளைகள்ல ரயில்வே வீட்டுப் பிள்ளை யாராச்சும் இருந்தா பிரதான் பாபு சொன்னத சொல்லிரு, காலனி பொம்பளைங்க குரூப்புல நானும் போட்டுட்டேன், யாரு வீட்டுலன்னு மட்டும் போடல. நம்ம சமலேஸ்வரி தாயி உன்னக் காப்பாத்தட்டும், கண்ணு கெடாம பாத்துக்கோ, பத்தாங்கிளாஸ் ஒரிஜினல மறக்காம எடுத்துட்டு வா.

அந்த வெட்டுன பூட்ஸ் கட்டிலுக்கு அடியிலதான் இருக்கு, என்னால தூக்கிப் போட முடியல. உனக்குப் புது பூட்ஸுக்கு எழுதணும்னு பிரதான் பாபு அளவு கேட்டாரு. வர்றியா இல்லையான்னு நீ எழுத வேணாம். உன் கால் அளவ மட்டும் எழுது.

உன் அம்மா
குந்தளா