பாண்டியம்மாளின் தலையாட்டல்

ஜூலை 9, செவ்வாய்.

மூன்று தடவை படுத்து எழுந்துவிட்டேன். எழுதினாலாவது மனசு அடங்குகிறதா பார்க்கிறேன்.

காலையில் பத்திர ஆபீசுக்குப் போயிருந்தேன். எழுமலை ஊர்ப் பாண்டியம்மாளுக்குக் காது கேட்காது. அப்பா விட்டுப்போன நிலத்தில் தன் பங்கை அண்ணனுக்கு விட்டுக்கொடுப்பதாக ஒரு விடுதலைப் பத்திரம். அதைச் சைகையில் அவளுக்கு விளக்க என்னைக் கூப்பிட்டிருந்தார்கள்.

நான் வரிவரியாகச் சொல்லச் சொல்ல அவள் தலையாட்டிக்கொண்டே இருந்தாள். காது கேளாதவர்களின் அந்தத் தலையாட்டல் சம்மதம் இல்லை. 'புரிகிறது, மேலே சொல்', அவ்வளவுதான். எங்கள் காது கேளாதோர் பள்ளிக்கு வரும் புது டீச்சர்களுக்கு நான் முதலில் சொல்லிக்கொடுப்பதே இதைத்தான்.

பதிவாளர் நிமிர்ந்து பார்த்தார். "அதான் தலையாட்டிருச்சே. ரேகை வைக்கச் சொல்லுங்க."

"அண்ணே, சம்மதமான்னு நான் இன்னும் அவகிட்டக் கேக்கவே இல்ல" என்றேன், அவள் அண்ணனிடம்.

"இன்னும் எம்புட்டு நேரம் டீச்சர்? பின்னால ஆளுக நிக்கிறாகள்ல" என்று அவள் கையைப் பிடித்து ரேகை மெஷின் பக்கம் இழுத்தார். ரேஷன் கடையில் வைப்பதுபோல அவளும் வைத்தாள். பதிவாளரிடம் நான் ஒரு வார்த்தை சொல்லியிருக்க வேண்டும். அத்தனை பேர் முறைத்ததில் வாய் வரவில்லை.

பஸ் ஸ்டாண்டில் பாண்டியம்மாள் என் தோளைத் தட்டினாள். முகத்தில் ஒரு கலக்கமும் இல்லை. கைகளால் கேட்டாள்: "நிலத்தைத் தர மாட்டேன்னு சொல்லப்போறேன். எப்ப என்னையக் கேப்பாங்க?"

நான் தலையாட்டினேன்.