கையில் இருந்த கோப்பிக் குவளை

ஐயா,

இன்று காலை புது டாக்டர் என்மேல் எரிந்து விழுந்தார். கொட்டகைக்கு வந்தவர் கையில் ஆவி பறக்கும் கோப்பி. நான் ஒன்றும் கேட்காமல் குவளையைப் பிடுங்கி வாங்குப் பலகையில் வைத்துவிட்டேன். "என்ன காணும், விசரே உமக்கு?" என்றார். அவரும் உங்கள் ஊர்ப்பக்கம்தான்.

கட்டுகஸ்தோட்டை ஆற்றங்கரையில் உங்கள் கைக்காசில் போட்ட இந்தக் கொட்டகைக்கு நான் முதலில் வந்தது கங்காணியாக. கோப்பித் தோட்டத்து வேலைக்கு மன்னாரிலிருந்து காட்டுவழியே நடத்திக் கூட்டி வந்த ஆட்களை வரிசையில் நிறுத்தினேன். நீங்கள் ஒவ்வொருவர் கையாகத் தொட்டுப் பார்த்தீர்கள். கை சில்லிட்டிருந்தால் வாந்திபேதி, கொட்டகைக்குள் போக வேண்டும். உள்ளே போனவர் திரும்ப மாட்டார் என்பதுதான் வழியெல்லாம் எங்கள் பேச்சு. என் தங்கச்சி பேச்சிக்கோ கை பச்சைத் தண்ணீராய்க் கிடந்தது. பாலத்தடிக் கடையில் சுடச்சுடக் கோப்பி வாங்கி அவள் கையில் திணித்தேன். "கெட்டியாப் புடிச்சுக்க புள்ள. ஐயா தொடுறப்ப மட்டும் கைய நீட்டு." தொட்டீர்கள், போக விட்டீர்கள். பெரிய கெட்டிக்காரன் என்ற நினைப்பு எனக்கு!

கண்டி தாண்டி, அம்பிட்டிய ஏற்றத்தில் சுருண்டு விழுந்தாள். தோளில் போட்டுக்கொண்டு திரும்பி ஓடி வந்தேன். நீங்கள் திட்டவில்லை. "ஏன் காணும் ஒளிச்சனீர்? கெதியாக் கிடத்தும்" என்றீர்கள். மூன்று நாள் உப்புக் கஞ்சித் தண்ணீரைக் கரண்டி கரண்டியாக நீங்களே ஊட்டினீர்கள். நாலாம் நாள், "அண்ணே, பசிக்குது" என்றாள். பாவி நான், மணலில் உட்கார்ந்து அழுதேன்.

பாம்பின் கால் பாம்பறியும் என்று சிரித்துக்கொண்டே என்னையும் பேச்சியையும் இங்கேயே வைத்துக்கொண்டீர்கள். "கையைத் தொட முந்திக் குவளையை வாங்கும். சூடு அடங்கட்டும்" என்பீர்கள். அப்படி எத்தனை கங்காணிமாரைப் பிடித்திருப்பேன்!

அந்த வெள்ளிக்கிழமை வரிசை பாலம்வரை நின்றது. உங்கள் கண் உள்வாங்கியிருந்தது, குரல் கம்மியிருந்தது. இரண்டு கையாலும் குவளையைப் பிடித்திருந்தீர்கள், ஒரு வாய்கூடக் குடிக்கவில்லை. "ஐயா, ஒடம்புக்கு என்னங்க?" என்றேன். "எனக்கு ஒண்டுமில்லை, சனத்தைப் பாரும்" என்று கையை நீட்டினீர்கள். சூடாக இருந்தது. எனக்குத் தெரியாத வித்தையா அது? நீங்கள் படுத்தால் அவ்வளவு சனத்தையும் பார்க்க வேறு ஆள் இல்லை என்பதும் தெரியும். ஆனாலும் உங்களிடமே குவளையைக் கேட்க வாய் வரவில்லை. மரியாதையாம் மரியாதை! கடைசி ஆளைப் பார்த்து முடித்ததும் விழுந்தீர்கள். பேச்சி ஊட்டிய கஞ்சித் தண்ணீர் உங்கள் வயிற்றில் தங்கவில்லை. மறுநாளே உங்களைச் சுடலைக்குத் தூக்கிக் கொண்டுபோனோம். அந்த மரியாதையை நினைத்தால் இன்றைக்கும் என்னை நானே அறைந்துகொள்ளத் தோன்றுகிறது.

புது டாக்டரிடம் இதையெல்லாம் சொல்லவில்லை. "கோவப்படாதீங்க ஐயா, கையக் குடுங்க" என்றேன். முறைத்துக்கொண்டே நீட்டினார். சூடாகத்தான் இருந்தது. கோப்பிச் சூடு அடங்கும்வரை அந்தக் கையை நான் விடவில்லை.