நான் திரும்பி வந்த காரணம்

என்னங்க,

சாப்பிட்டீர்களா? பட்டறைத் தூசியோடு அப்படியே படுத்துவிடாதீர்கள்.

ஏழு வருஷத்துக்கு முன்னால் அந்தக் காய்ச்சலில்தான் காலம் இரண்டாகக் கிளை பிரிந்தது. இங்கே காய்ச்சல் உங்களைக் கொண்டுபோனது, அங்கே என்னைக் கொண்டுபோனது. கிளைகளுக்கு நடுவே வாசல் திறந்துவிடும் காலவாசல்காரர் தயவில் அங்கே வந்து மூன்று நாள் உங்களோடு இருந்தேன். "இங்கயே இருந்துடேன், அங்க உனக்கு யாரு இருக்கா?" என்று கேட்டீர்கள். நான் உங்கள் சட்டைக்குப் பொத்தான் தைத்துக்கொண்டிருந்தேன். கோபித்துக்கொண்டு பட்டறைக்குப் போனீர்கள். நீங்கள் வருவதற்குள் கிளம்பிவிட்டேன்.

கல்நெஞ்சக்காரி என்று நினைத்திருப்பீர்கள். நினைத்துவிட்டுப் போகட்டும் என்றுதான் இருந்தேன். நாளையோடு உங்கள் கிளை எட்டாத தூரம் போய்விடுமாம். மனசு கேட்கவில்லை.

காய்ச்சல் வந்தபோது நான் இரண்டு மாதம் முழுகாமல் இருந்தேன். உங்களிடம் இன்னும் சொல்லியிருக்கவில்லை. அங்கே பிள்ளை என்னோடேயே போய்விட்டது. இங்கே பிறந்தாள். உங்களைப் போலவே செருப்பைக் கால் மாற்றித்தான் போடுவாள்.

அங்கே பிறக்காதவள் வாசலைத் தாண்ட முடியாது. வாசல் இந்தப் பக்கத்து ஆட்களுக்குத்தான் திறக்குமாம், அங்கிருந்து நீங்களும் இங்கே வர முடியாது. தெரிந்தால் தவிப்பீர்களே என்றுதான் வாயை மூடிக்கொண்டேன்.

நான் திரும்பி வந்ததும் மடியில் ஏறிக்கொண்டு கேட்டாள்: "அப்பாவப் பாத்தியாம்மா? படத்துல இருக்கற மாதிரியே இருக்காங்களா?"

"இல்லடி, இப்ப கொஞ்சம் நரைச்சிருக்காங்க" என்றேன்.

ஓடிப்போய் சுண்ணக்கட்டியை எடுத்துவந்தாள். சுவரிலிருந்த உங்கள் படத்தை இறக்கச் சொல்லி, காதோரம் மட்டும், நான் சொன்ன அளவுக்கு, மெதுவாக நரை பூசினாள்.

இப்படிக்கு,
உங்கள் பெண்ணின் அம்மா